உமி என்றால் எது?

சில வாரங்களுக்கு முன் கடையில் ஓர் அரிசிப் பொட்டலத்தைக் கையில் எடுத்தேன். "உமி நீக்காத பாரம்பரிய அரிசி" என்று பெரிதாக அச்சிட்டிருந்தது. சிவப்பாக, நல்ல அரிசிதான். ஆனால் அந்த வரி உறுத்தியது. உமி நீக்காத ஒன்றுக்குத் தமிழில் அரிசி என்று பெயரே கிடையாது, அது நெல். பொட்டலத்துக்குள் இருந்தது உமி போன, தவிடு போகாத அரிசி. தவிடு என்று எழுத வேண்டிய இடத்தில் யாரோ உமி என்று எழுதிவிட்டார்.

எழுதியவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. உரலும் உலக்கையும் வீட்டை விட்டுப் போய்விட்டன. நெல் ஆலைக்குப் போகிறது, அரிசி பையில் வருகிறது. இடையில் நடப்பதைப் பார்க்காத பிள்ளைகளிடம் கேட்டால், "ரெண்டும் நெல்லோட தோல்தானே" என்கிறார்கள். தோல்தான். ஆனால் எந்தத் தோல், அது எப்போது வந்தது, எந்த வேலையில் கழன்றது, கழன்ற பின் யாருக்குப் போனது என்பதை வைத்துத்தான் நம் ஆட்கள் அதற்குப் பெயர் வைத்தார்கள். உமி என்ற இரண்டெழுத்துச் சொல்லைப் புரிந்துகொள்ள அந்த வழியில்தான் போக வேண்டும்.

ஒரு நெல்லைப் பிரித்துப் பார்ப்போம்

ஒரு நெல்மணி கிடைத்தால் எடுத்துக்கொள்ளுங்கள். அரிசி களையும்போது எப்போதாவது ஒன்று தென்படும். பொன்னிறமாக, சொரசொரப்பாக இருக்கும் மேல்மூடி பார்வைக்கு ஒரே ஓடு போலத் தெரியும். விளிம்பில் நகத்தைக் கொடுத்து நெம்பினால் இரண்டாகப் பிரியும். ஒன்று பெரியது, மற்றது சற்றுச் சிறியது. இரண்டும் படகு போல வளைந்து, விளிம்போடு விளிம்பு மாட்டிக்கொண்டு பூட்டியிருக்கும். இந்த இரண்டு செதில்களும் சேர்ந்ததுதான் உமி. தாவரவியல் நூல்கள் பெரியதை லெம்மா என்றும் சிறியதைப் பேலியா என்றும் குறிக்கும். சில நெல் வகைகளில் பெரிய செதிலின் நுனி வால்போல நீண்டிருக்கும்.

உமியை எடுத்துவிட்டால் உள்ளே இருக்கும் மணி வெள்ளையாக இருக்காது. வகைக்குத் தக்கபடி பழுப்பாகவோ, மாப்பிள்ளைச் சம்பா போலச் சிவப்பாகவோ, கருப்புக் கவுனி போலக் கருப்பாகவோ இருக்கும். அதைச் சுரண்டினால் பொடியாக உதிர்வது தவிடு. அதுவும் போன பிறகு மிஞ்சுவது வெள்ளை அரிசி.

100 கிலோ நெல்லை இன்றைய ஆலையில் அரைத்தால் ஏறக்குறைய 20 கிலோ உமி வரும். தவிடு 8 கிலோ அளவுக்கு வரும். மீதிதான் அரிசியும் நொய்யும்.

இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. பள்ளிப் பாடத்தில் விதையுறை என்று ஒரு சொல் வரும். அவரை விதையை ஊறவைத்து உரித்தால் கையோடு வரும் தோல் அதுதான். நெல்லில் அந்த விதையுறை எது என்று கேட்டால் பலரும் உமியைக் காட்டுவார்கள். அது சரியல்ல. நெல்மணியை நாம் விதை என்று சொன்னாலும் தாவரவியல் கணக்கில் அது ஒரு கனி. அதன் கனித்தோலும் விதைத்தோலும் பிரிக்க முடியாதபடி ஒட்டிப்போய், மெல்லிய படலமாக மணிமேல் படிந்திருக்கின்றன. தவிடு போக அரிசியைத் தீட்டும்போது அந்தப் படலமும் தவிட்டோடு போய்விடுகிறது. உமியோ விதையின் பகுதியும் அல்ல, கனியின் பகுதியும் அல்ல. அது பூவைச் சுற்றியிருந்த செதில்.

அரிசிக்கு மூத்தது

நெல்லைப் பற்றி நான் தெரிந்துகொண்டவற்றில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி இது: உமி அரிசிக்கு முன்பே வந்துவிடுகிறது.

கதிர் வெளிவந்த புதிதில் வயலுக்குப் போனால் பார்க்கலாம். பச்சை நெல்மணிகள் ஏறக்குறைய முழு அளவில் நிற்கும். பிரித்தால் உள்ளே அரிசி இருக்காது, பூ இருக்கும். காலை வெயில் ஏறியதும் இரண்டு செதில்களும் மெல்ல வாய் திறக்கும். மகரந்தப் பைகள் வெளியே தொங்கும். ஒரு மணி நேரம் அப்படி இருந்துவிட்டுச் செதில்கள் மூடிக்கொள்ளும். அதற்குப் பிறகுதான் அந்த மூடிய பெட்டிக்குள் சூல் வளரத் தொடங்குகிறது. முதலில் வெறும் பால். "பால் பிடிச்சிருக்கு" என்று உழவர்கள் சொல்வது இந்தப் பருவத்தைத்தான். பிறகு பால் இறுகி மாவாகும், மாவு இறுகி மணியாகும். பெட்டியின் அளவுக்கு மேல் மணி வளர முடியாது. ஒரு நெல் சன்னமா மோட்டாவா என்பது அரிசி உருவாகும் முன்பே உமியின் வடிவத்தில் பெரும்பாலும் தீர்மானமாகிவிடுகிறது.

இதைத் தெரிந்துகொண்டால் பதர் என்ற சொல்லும் தெளிவாகிவிடும். பெட்டி மூடியது, உள்ளே ஒன்றும் வளரவில்லை என்றால் அது பதர். பூக்கிற நேரத்தில் கடும் வெயிலோ மழையோ மகரந்தச் சேர்க்கையைக் கெடுத்தால் அப்படி ஆகும். பால் பிடித்த நேரத்தில் கதிர் நாவாய்ப்பூச்சி பாலை உறிஞ்சினாலும் அப்படியே. பாதி வளர்ந்து நின்றுபோனதைக் கருக்காய் என்பார்கள். ஆக உமி என்பது நெல்லின் ஒரு பகுதி. பதர் என்பது ஒரு முழு நெல், அரிசி இல்லாத நெல்.

இரண்டும் பிரிகிற இடமும் வேறு. பதர் களத்திலேயே பிரிந்துவிடும். காற்று வரும் திசை பார்த்து நெல்லைத் தூற்றும்போது கனமான நெல் நேரே விழும், பதர் தள்ளிப் போய் விழும். அப்போது உமி எங்கும் போகாது, நெல்லைக் கவிந்துகொண்டு அதனுடனே வீட்டுக்கு வரும். பிறகு உரலில் குத்தி, முறத்தில் புடைக்கும்போதுதான் உமி பறக்கும். ஒன்று களத்துச் சொல், மற்றொன்று முற்றத்துச் சொல்.

திருக்குறள் இந்த வேறுபாட்டைத் துல்லியமாகக் கையாள்கிறது. பயனில்லாத பேச்சையே பாராட்டிக்கொண்டிருப்பவனை, "மகன்எனல் மக்கட் பதடி எனல்" என்கிறது 196ஆம் குறள். பதடி என்றால் பதர். மக்களில் உமி என்று வள்ளுவர் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் உவமை பொருந்தாது. உமிக்குள் ஒருகாலத்தில் அரிசி இருந்தது. அது தன் வேலையைச் செய்து முடித்தது. பதருக்குள் எப்போதுமே அரிசி இருந்ததில்லை. உரை எழுதிய பரிமேலழகரும், அறிவு என்னும் உள்ளீடு இல்லாததால் அப்படிச் சொன்னார் என்றே விளக்குகிறார். உள்ளீடு என்ற சொல்லை இன்று நாம் கணினிக்குக் கொடுத்துவிட்டோம். அவர் காலத்தில் அது நெல்லுக்குள் இருந்தது.

நாலடியாரில் உமி வேறு விதமாக வருகிறது. நல்லவர் என்று நம்பி நட்புக் கொண்டவரிடம் குறை தெரிந்தாலும் பொறுத்துப்போக வேண்டும் என்று சொல்ல வந்த பாட்டு, இப்படி முடிகிறது:

நெல்லுக்கு உமியுண்டு நீர்க்கு நுரையுண்டு
புல்லிதழ் பூவிற்கும் உண்டு.

உமி இருக்கிறது என்பதற்காக நெல்லை யாரும் எறிவதில்லை. இந்தப் பாட்டில் உமி பயனற்ற பொருள், ஆனால் நல்ல பொருளோடு கூடவே பிறந்தது. சைவ சித்தாந்தத்திலும் இந்தக் கூடவே பிறந்த தன்மைதான் முக்கியம். உயிருக்கு ஆணவம் இடையில் வந்து ஒட்டியது அல்ல, நெல்லுக்கு உமி போலவும் செம்புக்குக் களிம்பு போலவும் தொன்றுதொட்டே உடனிருப்பது என்று சொல்வார்கள். பூவுக்குள் பால் பிடிக்கும் முன்பே உமி நிற்பதைக் கண்டவர்களுக்கு இந்த உவமை எவ்வளவு இயல்பாகத் தோன்றியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

சொல் எங்கிருந்து வந்தது

உமி வடமொழியிலிருந்து வந்ததல்ல. வடமொழியில் அதற்குத் துஷம் என்று பெயர். உமியின் உறவுக்காரர்கள் எல்லாம் பக்கத்து வீடுகளில்தான் இருக்கிறார்கள். மலையாளத்தில் இன்றும் உமிதான். துளுவிலும் உமி. தெலுங்கின் பழைய வடிவம் உமக, இன்று பேச்சில் ஊக. நடுவில் இருந்த மகரம் தேய்ந்து முன்னுயிர் நீண்டிருக்கிறது. பர்ரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி (முதற்பதிப்பு 1961, திருத்திய பதிப்பு 1984) இந்தச் சொற்களை ஒரே குடும்பமாகச் சேர்த்துக் காட்டுகிறது. இத்தனை மொழிகளில் ஒரே பொருளோடு வழங்குவதால், இவை தனித்தனி மொழிகளாகப் பிரிவதற்கு முன்பே இந்தச் சொல் இருந்திருக்க வேண்டும் என்று கொள்வதே பொருத்தம்.

தெலுங்கில் ஒரு வழக்கு உண்டு: ஊக தம்புடு உபன்யாசம். உமி குத்துகிற சொற்பொழிவு என்று பொருள். சாரம் இல்லாமல் நீட்டி முழக்கும் பேச்சை அப்படிச் சொல்வார்கள். நம் பக்கத்தில் "உமி குத்திக் கை சலித்தது போல" என்கிறோம். உரலில் அரிசி போன பிறகும் உமியையே குத்திக்கொண்டிருக்கும் கை இரண்டு மொழியிலும் பழமொழியாகி இருக்கிறது. "நீ அரிசி கொண்டுவா, நான் உமி கொண்டுவருகிறேன், ரெண்டையும் கலந்து ஊதி ஊதித் தின்போம்" என்பதும் நம்முடையதுதான். கூட்டுத் தொழிலில் ஒருவர் மட்டும் ஏமாறுவதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

சொல்லின் வேர் பற்றி ஒரு விளக்கம் அடிக்கடி காதில் விழும்: வாயில் பட்டால் உமிழ்ந்துவிடுவோம், அதனால் உமி. கேட்க அழகாக இருக்கிறது. உமிதல் என்றே ஒரு வினைச்சொல் தமிழில் உண்டு, துப்புதல் என்று பொருள். உமிழ்நீரை மலையாளத்தில் உமிநீர் என்கிறார்கள். தெலுங்கிலும் துப்புவதற்கு உம்மு, உமியு என்ற சொற்கள் இருக்கின்றன. ஒலி இவ்வளவு நெருங்கி வரும்போது இரண்டையும் முடிச்சுப் போடத் தோன்றுவது இயற்கை.

ஆனால் ஒலி ஒன்றாக இருப்பது மட்டும் உறவுக்குச் சான்றாகாது. நெற்றியில் வைக்கும் பொட்டும் மாட்டுக்குத் தீனியாக வைக்கும் பொட்டும் (பயறின் தோல்) ஒரே ஒலிதான், உறவு இல்லை. ஒரு சொல் இன்னொன்றிலிருந்து பிறந்தது என்று காட்ட, பொருள் மாறி வந்த படிகளும் தெரிய வேண்டும். மேலே சொன்ன அகராதி உமி என்ற பெயரையும் உமி என்ற வினையையும் தனித்தனிப் பதிவாகவே வைத்திருக்கிறது. என் கருத்தும் அதுதான். உமிக்கு முதன்மையான வேலை வாயில் இல்லை, உரலில் இருக்கிறது. துப்புவதை வைத்துப் பெயர் வைக்க வேண்டிய தேவை குத்திப் புடைத்துச் சோறாக்கியவர்களுக்கு இருந்திருக்காது.

அடுப்புக்குப் போனது உமி, தொட்டிக்குப் போனது தவிடு

உமிக்கும் தவிட்டுக்கும் உள்ள வேறுபாட்டை ஒரு மாட்டைக் கேட்டால் சொல்லிவிடும். தவிட்டைத் தண்ணீரில் கரைத்து வைத்தால் மூச்சு விடாமல் குடிக்கும். உமியை வைத்தால் முகர்ந்துவிட்டு நகரும். காரணம் சிலிக்கா. நெற்பயிர் மண்ணிலிருந்து சிலிக்காவை நிறைய உறிஞ்சி இலையிலும் உமியிலும் சேர்த்துவைக்கிறது. நெல்லின் தோகை கையை அறுப்பது அதனால்தான். உமியை எரித்தால் அதன் எடையில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு சாம்பலாக நிற்கும். அந்தச் சாம்பலில் பெரும்பகுதி, சுமார் 90 விழுக்காடு, சிலிக்கா. மணலும் கண்ணாடியும் எந்தப் பொருளோ அதே பொருள். மாட்டுக்கு அது எப்படிச் செரிக்கும்?

உமி எரிகிற விதமும் தனி. விறகு போலச் சுடர்விட்டு எரியாது. குவித்து வைத்தால் காற்று உள்ளே புகாமல், உள்ளுக்குள்ளேயே கனன்று கனன்று போகும். மேலே சாம்பல் பூத்து ஆறியது போல இருக்கும். எங்கள் ஊர் ரைஸ்மில்லுக்குப் பின்னால் அப்படி ஒரு குவியல் எப்போதும் கிடக்கும். "அதுல காலை வைக்காத சாமி, உள்ள நெருப்பு இருக்கும்" என்று அப்பாயி ஒவ்வொரு தடவையும் கையைப் பிடித்து இழுப்பார். மலையாளத்தில் வெளியே தெரியாமல் உள்ளுக்குள் வேகிற துயரத்துக்கு உமித்தீ என்று பெயர். சங்கரரின் வரலாறு சொல்லும் கதைகளில், குருவுக்குச் செய்த துரோகத்துக்குக் கழுவாயாக மீமாம்சை அறிஞர் குமாரில பட்டர் உமித்தீயில் புகுந்தார் என்று வரும். உடனே முடித்துவிடாத தீ என்பதால்தான் கதையில் அந்தத் தீயைத் தேர்ந்தெடுத்தார்கள். நகை ஆசாரிகளுக்கோ அந்த நிதானமே வேண்டியிருந்தது. ஓட்டில் உமியைக் கனலவைத்து, ஊதுகுழலால் வேண்டிய இடத்துக்கு மட்டும் சூட்டைச் செலுத்தி, நகைத் துண்டுகளைப் பற்றுவைத்து ஒட்டினார்கள்.

முழுதும் எரியவிடாமல் பாதியில் அணைத்தால் கிடைப்பது உமிக்கரி. உப்போடு சேர்த்துப் பல் தேய்த்த தலைமுறை இன்னும் இருக்கிறது. மலையாளத்திலும் இதே சொல்தான். பல் பளிச்சென்று ஆனதற்கும் காரணம் அந்தச் சிலிக்காதான். நாளாக நாளாகப் பல்லின் மேற்பூச்சு தேய்ந்ததற்கும் அதுவே காரணம். சுவருக்குக் குழைக்கும் மண்ணில் உமி சேர்த்தார்கள், வெடிப்பு விடாமல் இருக்க. இன்று பெரும்பகுதி உமி அரிசி ஆலைகளின் கொதிகலன்களுக்கும் செங்கல் சூளைகளுக்கும் எரிபொருளாகப் போகிறது. நெல்லை அவிக்க அந்த நெல்லின் உமியே எரிகிறது.

தவிட்டின் கதை வேறு. மலையாளத்தில் தவிடு, கன்னடத்திலும் தெலுங்கிலும் தவுடு. நிறத்துக்கும் அது பெயர் தந்திருக்கிறது. மலையாளத்தில் பழுப்புக்கு வழக்கமான சொல்லே தவிட்டுநிறம். நம் பக்கம் தவிட்டுப்புறா, தவிட்டுக்குருவி. மலிவான பொருள் என்பதால் ஒரு வழக்கத்திலும் நுழைந்தது. பிறந்த பிள்ளைகள் தங்காத வீட்டில், அடுத்த பிள்ளையை வேறொருவர் கையில் கொடுத்து, தவிடு கொடுத்துத் திரும்ப வாங்குவார்கள். எமன் கண்ணுக்கு அந்தப் பிள்ளை விலை இல்லாததாகத் தெரியட்டும் என்ற தாயின் வேண்டுதல் அது. "உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்" என்று பிள்ளைகளைச் சீண்டுவது அதிலிருந்து வந்ததுதான்.

தவிடு போன வெள்ளை அரிசி ஒருகாலத்தில் பெருஞ்செல்வத்தின் அடையாளம். கரிகாலனின் விருந்தைப் பாடும் பொருநராற்றுப்படை, "முரவை போகிய முரியா அரிசி" என்று சொல்கிறது. முரவை என்பது தீட்டிய பிறகும் அரிசியின்மேல் மிஞ்சும் தவிட்டு வரி. அந்த வரியும் போக வேண்டும், அரிசியும் முறியக்கூடாது. உலக்கை பிடித்த கைக்கு அது எவ்வளவு பெரிய வேலை! தவிட்டு வரிக்கென்றே தனிச் சொல் வைத்திருந்த மொழியில்தான் இன்று உமியும் தவிடும் குழம்பிக் கிடக்கின்றன.

இந்தக் குழப்பத்துக்கு இயந்திரமும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். ஊருக்கு ஊர் முதலில் வந்த பழைய ஹல்லர் ஆலைகள் ஒரே ஓட்டத்தில் உமியையும் தவிட்டையும் சேர்த்தே கழற்றின. நொறுங்கிய உமி தவிட்டோடு கலந்து வந்தது. இரண்டு தனி வேலைகளாக இருந்தது ஒன்றாகிப் போனது. இன்றைய ஆலைகளில் இரண்டு ரப்பர் உருளைகள் வெவ்வேறு வேகத்தில் எதிரெதிராகச் சுழன்று உமியை மட்டும் உரித்துத் தள்ளுகின்றன. தீட்டுவது அதற்குப் பிறகு தனியாக நடக்கிறது. அதனால்தான் உமி கலக்காத தவிடு கிடைத்து, அதிலிருந்து எண்ணெய் எடுக்க முடிகிறது. தீட்டுதல் என்ற சொல் ஆலைக்காரர்களிடம் இன்னும் உயிரோடு இருக்கிறது. பொட்டலத்தில் "தீட்டாத அரிசி" என்று போட்டிருந்தால் ஒரே சொல்லில் சரியாகியிருக்கும்.

மற்ற விதைகளின் மூடிகள்

உமி என்றால் முதலில் நெல்தான். தினை, சாமை, வரகு போன்ற சிறுதானியங்களுக்கும் உமி உண்டு. வரகுக்கு அது பல அடுக்காக இறுகியிருப்பதால் உரிப்பது பெரும்பாடு. பயறு வகைகளுக்கு உமி என்று யாரும் சொல்வதில்லை. அங்கே வருவது பொட்டு அல்லது தொலி. உளுந்தம்பொட்டு, துவரம்பொட்டு என்று தீவனக் கடையில் மூட்டை மூட்டையாக இருக்கும். இது உண்மையாகவே விதையுறை. அதனால் மாடும் தின்னும்.

உடைத்த கருப்பு உளுந்தை ஊறவைத்துத் தண்ணீருக்குள் பிசைந்தால் பொட்டு மேலே மிதக்கும், பருப்பு அடியில் நிற்கும். பாத்திரத்தைச் சாய்த்து வடித்துவிடுவார்கள். தெலுங்கிலும் இது பொட்டுதான். தோலோடு இருக்கும் உளுத்தம்பருப்பு அங்கே பொட்டு மினப்பப்பு. கன்னடத்தில் ஹொட்டு. தமிழில் பகரத்தில் தொடங்கும் பல சொற்கள் கன்னடத்தில் ஹகரமாகிவிடும்: பால் ஹாலு, பல் ஹல்லு, பூ ஹூவு. அந்த வரிசையில் பொட்டு ஹொட்டு ஆனது. கன்னடத்தில் அந்தச் சொல் இன்னும் ஓர் அடி எடுத்து வைத்து, தலையில் உதிரும் பொடுகுக்கும் பெயராகிவிட்டது: தலெஹொட்டு. உதிர்கிற மெல்லிய தோல் என்ற பொருள் விதையிலிருந்து தலைக்கு ஏறியிருக்கிறது.

தொலி என்பது தோலின் உடன்பிறப்பு. தென்மாவட்டங்களில் உளுந்தஞ்சோற்றுக்குத் தொலி உளுந்துதான் வேண்டும் என்பார்கள். தொலித்தல் என்றால் தோல் நீக்குதல். மலையாளத்தில் வாழைப்பழத்தின் தோலும் தொலி.

தேங்காய்க்கு வந்தால் மூடி மூன்றாகிறது. மட்டை, அதற்குள் சிரட்டை அல்லது கொட்டாங்கச்சி, அதற்குள் பருப்போடு ஒட்டிய பழுப்புத் தோல். முதல் இரண்டும் கனியின் அடுக்குகள். துருவும்போது வெள்ளையில் புள்ளி புள்ளியாகக் கலக்கும் அந்த மெல்லிய பழுப்புதான் தேங்காயின் விதையுறை.

உமி போனால் முளையாதா?

கடைசியாக, உமியைப் பற்றிப் பலருக்கும் மனப்பாடமான பாட்டு. ஔவையாரின் மூதுரையில் வருவது:

பண்டு முளைப்பது அரிசியே ஆனாலும்
விண்டுஉமி போனால் முளையாதாம்.

முளைப்பது என்னவோ அரிசிதான், ஆனாலும் உமி நீங்கிவிட்டால் முளைக்காது. அதுபோல எவ்வளவு ஆற்றல் உடையவருக்கும் துணை வேண்டும் என்று இதற்குப் பொருள் சொல்வார்கள். நாலடியாரில் பொறுத்துக்கொள்ள வேண்டிய குறையாக இருந்த உமி, இங்கே இல்லாமல் முடியாத துணை.

இது உண்மைதானா என்று ஒரு பிள்ளை கேட்டால் பாட்டைச் சொல்லி நிறுத்திவிடாதீர்கள், செய்து பார்க்கச் சொல்லுங்கள். நான்கு ஈரத்துணிகள் போதும். ஒன்றில் நெல், ஒன்றில் கையால் மெதுவாக உமி உரித்த அரிசி, ஒன்றில் கடையில் வாங்கிய பச்சரிசி, ஒன்றில் புழுங்கலரிசி. துணி காயாமல் பார்த்துக்கொண்டு, நாளுக்கு இரண்டு முறை அலசி, நான்கைந்து நாள் காத்திருக்க வேண்டும்.

நெல் முளைக்கும். புழுங்கலரிசி முளைக்காது, அவித்தபோதே முளைக்கரு செத்துவிட்டது. பச்சரிசியும் முளைக்காது. ஒரு பச்சரிசியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால் ஒரு முனையில் சிறு பள்ளம் தெரியும். முளைக்கரு இருந்த இடம் அது. தீட்டும்போது தவிட்டோடு போய்விட்டது. கையால் உரித்த அரிசியில்தான் வியப்பு இருக்கிறது. முளைக்கரு அடிபடாமல் இருந்தால் அதன் முனையில் வெள்ளையாக ஒரு புள்ளி புறப்படும். ஜப்பானில் தீட்டாத அரிசியை இப்படி முளைகட்டியே விற்கிறார்கள்.

அப்படியானால் ஔவை சொன்னது தவறா என்று அந்தப் பிள்ளை அடுத்துக் கேட்கும். ஔவையின் காலத்தில் உமி போவது ரப்பர் உருளையில் அல்ல, உலக்கையடியில். அந்த அடியில் முளைக்கருவும் சிதையும். தப்பிப் பிழைத்த மணியையும் ஈரத்துணியில் யாரும் தாலாட்டப்போவதில்லை, சேற்றில்தான் விதைப்பார்கள். துணியில் முளைவிட்ட அந்த அரிசியையும் முளைவிட்ட நெல்லையும் பக்கத்தில் பக்கத்தில் சேற்றில் ஊன்றிவிட்டு, நாள் தவறாமல் பார்த்து வரச் சொல்லுங்கள். நெல்லுக்கு அதன் உமி கவசமாக நிற்கும். உமி இழந்த அரிசியைப் பூஞ்சையும் புழுவும் தேடி வந்துவிடும்.